பட்டு காணவில்லை!

"சார், ரெண்டு நாள் லீவு வேணும்."

"மார்ச் மாசத்துலயா? அதுவும் அக்கவுண்ட்ஸ் செக்‌ஷன்லயா? ஏன்யா, யாருக்கு என்ன ஆச்சு?"

"வீட்ல பட்டு காணோம் சார்."

"அட, போனா போவுது. காஞ்சிபுரத்துலதானே இருக்கே? வேற புடவை எடுத்துக் குடுத்துடு."

"புடவை இல்ல சார். பறவை."

போனில் பத்து செகண்ட் சத்தமே இல்லை. பிறகு மேனேஜர் மெதுவாகக் கேட்டார்: "உனக்கு உடம்பு ஏதாவது சரியில்லையாப்பா?"

அந்த மார்ச் கடைசி வாரத்தில் இந்தக் கேள்வியை மேனேஜரோடு சேர்த்து ஒரு பதினைந்து பேராவது என்னிடம் கேட்டிருப்பார்கள்.

பட்டு எங்கள் வீட்டுக் காக்டெய்லின் பெயர். உடனே சோடாவும் ஐஸ் கட்டியும் ஞாபகத்துக்கு வருகிறவர்கள் கொஞ்சம் பொறுக்கவும். இது ஊற்றிக் குடிக்கிற காக்டெய்ல் இல்லை. காக்கட்டீல் என்ற பெயர்தான் நம் ஊர்ப் பறவைக் கடைகளில் புழங்கிப் புழங்கிக் காக்டெய்ல் ஆகிவிட்டது. பூர்வீகம் ஆஸ்திரேலியாவின் வறண்ட உள்நாடு. கொண்டை வைத்த காக்கட்டூ குடும்பத்திலேயே இதுதான் கடைக்குட்டி. சுமார் 100 கிராம் எடை, சாம்பல் உடம்பு, மஞ்சள் முகம், கன்னத்தில் ஆரஞ்சுப் பொட்டு. வளர்க்கத் தெரிந்தவர் வீட்டில் பதினைந்து இருபது வருஷம்கூட இருக்கும். ஆஸ்திரேலியா தன் பறவைகளை வியாபாரத்துக்கு வெளியே அனுப்புவதில்லை. ஆகவே இங்கே கடையில் விற்பதெல்லாம் கூண்டிலேயே பொரித்துக் கூண்டிலேயே வளர்ந்த பரம்பரை. இதைக் கொஞ்சம் ஞாபகம் வைத்துக் கொள்ளுங்கள், பின்னால் வேலை இருக்கிறது.

கடைக்காரர் பெண் பறவை என்று சொல்லித்தான் கொடுத்தார். அம்மா ஆசையாகப் 'பட்டு' என்று பெயர் வைத்தாள். சில மாதத்தில் அது விசிலடிக்க ஆரம்பித்தது. இந்த இனத்தில் விசிலடிப்பது பெரும்பாலும் ஆண்தான். (மற்ற இனங்களில் மட்டும் எப்படியாம் என்கிறீர்களா? அதுவும் சரி!)

விசில் என்றால் சும்மா விசில் இல்லை. கண்டக்டர் விசில்.

என் அப்பா அரசு பஸ்ஸில் கண்டக்டராக இருந்து ரிடையர் ஆனவர். வேலை விட்டாலும் விசிலை விடவில்லை. வீட்டை விட்டுக் கிளம்பும்போது வாசலில் நின்று இரண்டு விசில். அதாவது, 'போலாம் ரைட்'. திரும்பி வந்து கேட்டைத் திறக்கும்போது ஒரு விசில். அதாவது, 'ஆள் இறக்கம்'. அந்த ஒற்றை விசில் கேட்டால் அம்மா காபிக்குப் பாலை அடுப்பில் வைப்பாள். பட்டு இரண்டையும் கற்றுக் கொண்டது.

அப்பா போய் இரண்டு வருஷம் ஆகியிருந்தது. ஒற்றை விசில் பட்டுவுக்கு மறந்து போய்விட்டது. கேட்டைத் திறந்து ஊதத்தான் ஆள் இல்லையே. ஆனால் சாயங்காலம் ஆறு மணிக்கு இரண்டு விசில் மட்டும் தவறாது. அம்மா அந்த நேரத்தில் டி.வி.யை நிறுத்திவிடுவாள். ஏன் என்று நான் கேட்டதில்லை. அவளும் சொன்னதில்லை.

அந்தப் பறவைதான் காணாமல் போனது.

*

வியாழக்கிழமை சாயங்காலம். அம்மா பட்டுவைத் தோளில் வைத்தபடி கொடியில் துணி எடுக்கக் கொல்லைப்புறம் போயிருக்கிறாள். "அது எங்கடா போவும்? என் தோளை விட்டு நகராது" என்பது அவள் கட்சி. பறவை வளர்க்கிற முக்கால்வாசிப் பேர் கட்சியும் இதுதான். அந்த நேரம் பார்த்துத் தெருமுனையில் எவரோ தலைவர் பிறந்தநாளுக்கு ஆயிரம்வாலாவைக் கொளுத்திவிட்டார்கள். முதல் வெடிக்குக் கொண்டை நின்றது. இரண்டாவது வெடிக்குப் பட்டு இல்லை.

'இறக்கை வெட்டியிருக்கு சார், பறக்காது' என்று கடையில் சொன்னது ஒரு வருஷத்துக்கு முந்தைய கதை. வெட்டிய இறகு எப்போதும் அப்படியே நிற்காது. பழையது உதிர்ந்து முழுசாகப் புது இறகு முளைக்கும். எங்களுக்கு அது அன்றைக்குத்தான் தெரிந்தது.

நான் கம்பெனி பஸ்ஸிலிருந்து இறங்கும்போது தெருவே ஒரு புளியமரத்தடியில் நின்று அண்ணாந்து பார்த்துக் கொண்டிருந்தது. உச்சிக் கிளையில் பட்டு. உடனே நான் செய்த காரியங்களை வரிசையாகச் சொல்கிறேன். நீங்கள் எதையும் செய்யாதீர்கள். கத்தினேன். மரத்தை உலுக்கினேன். கேபிள்காரரிடம் ஏணி கடன் வாங்கிச் சாத்தினேன். பெட்ஷீட்டை விரித்து ஆட்டினேன். ஒரு பொடியன் உதவி செய்கிறேன் என்று கல்லை எடுத்தான். அவனை மட்டும் எப்படியோ தடுத்துவிட்டேன். ஏணியில் நாலாவது படி ஏறும்போது பட்டு கிளம்பிக் கல்லூரிச் சாலைப் பக்கம் இருட்டில் மறைந்தது.

இரவு, சென்னையில் பறவை வளர்க்கும் நண்பருக்கு போன் போட்டேன். "ஓடிப் போச்சுடா" என்றேன்.

"முதல்ல அந்த வார்த்தைய விடு. அது ஓடிப் போவல. தொலைஞ்சு போயிருக்கு. திரும்பி வரத்தான் அதுவும் பாக்குது, வழி தெரியல" என்றார்.

அவர் சொன்ன விஷயம் எனக்குப் புதுசு. கூண்டில் பிறந்த பறவை பறக்கப் பழகுவது ஹாலுக்கும் கிச்சனுக்கும் நடுவில். நேராகப் பறக்கத் தெரியும். பயத்தில் மேலே ஏறவும் ஏறிவிடும். ஐம்பதடி உயரத்திலிருந்து செங்குத்தாகக் கீழே இறங்குவது என்பது தனி வித்தை. அதைச் சொல்லிக் கொடுக்க அதற்கு அப்பா அம்மா கூட இல்லை. நாம் மரத்தடியில் நின்று 'வா வா' என்றால், அதற்கும் வர ஆசைதான், இறங்கத்தான் தெரியாது. அதனால் நாம்தான் உயரத்துக்குப் போக வேண்டும். எதிர்வீட்டு மொட்டை மாடியில், அது உட்கார்ந்திருக்கும் மட்டத்துக்கு நின்று, பழகின கூண்டையும் பிடித்த தீனியையும் அதன் கண்ணில் படும்படி வைத்துக் காத்திருக்க வேண்டும். இருட்டிவிட்டால் அநேகமாக உட்கார்ந்த மரத்திலேயே உட்கார்ந்திருக்கும். விடிந்ததும் பசி எடுக்கும். காலை முதல் இரண்டு மணி நேரம்தான் நல்ல சமயம். கூட்டமாக வாழ்கிற இனம் என்பதால் தனியாக மாட்டிக் கொண்டால் குரல் கொடுத்துக் கொண்டே இருக்கும். தெரிந்த சத்தம் பதிலுக்கு வந்தால் அதை நோக்கி வரும்.

"ரெண்டு மூணு நாள்டா. அதுக்கு மேல தீனி தேடத் தெரியாது. காக்கா இருக்கு, வல்லூறு இருக்கு" என்று முடித்தார். இதை அம்மாவிடம் சொல்லவில்லை.

*

வெள்ளிக்கிழமை விடிய ஐந்தரைக்கு ஒரு கையில் கூண்டு, மறு கையில் தினைக் கதிரோடு கிளம்பினேன். காஞ்சிபுரம் குமரக்கோட்டத்தில் உட்கார்ந்துதான் கச்சியப்ப சிவாச்சாரியார் கந்தபுராணம் பாடினார் என்பார்கள். அதில் வள்ளி தினைப்புனத்தில் கிளி விரட்டுவாள். நான் அதே தினையைக் காட்டிக் கிளி கூப்பிட்டுக் கொண்டு போகிறேன். முருகா!

விசிலடித்துக் கூப்பிடலாம் என்றால் எனக்கு விசிலடிக்க வராது. சின்ன வயசில் 'வீட்டுக்குள்ள விசிலடிக்காதே' என்று அதட்டிய அம்மாவைத்தான் கேட்க வேண்டும். இருந்தாலும் உதட்டைக் குவித்து ஒரு மாதிரி ஊதியபடி ஒரு கட்டடத்தின் மூன்றாவது மாடியையே பார்த்துக் கொண்டு நின்றேன். வாட்ச்மேன் வந்து தோளில் கை வைத்தார். "இன்னா தம்பி, காலங்காத்தால?" அப்போதுதான் போர்டைப் பார்த்தேன். லேடீஸ் ஹாஸ்டல். கையில் கூண்டு மட்டும் இல்லாமல் போயிருந்தால் இந்தக் கட்டுரையை வேறு இடத்தில் உட்கார்ந்து எழுதிக் கொண்டிருப்பேன்.

ஏழு மணிக்கு ஒரு தென்னை மரத்தில் மஞ்சளாகத் தெரிந்தது. பட்டுதான்! பக்கத்து மாடியில் அனுமதி வாங்கி ஏறுவதற்குள் நாலைந்து காக்கைகள் துரத்திக் கொண்டு போயின. அதற்குப் பிறகு பார்க்கவே இல்லை.

மத்தியானம் போஸ்டர் அடித்தோம். 'பட்டு காணவில்லை. கண்டுபிடித்துத் தருவோருக்குத் தக்க சன்மானம்.' போட்டோ பிரிண்ட் சரியாக விழவில்லை. விளைவு, போன் மேல் போன். "எத்தனை சவரன் ஜரிகை சார்?" "எந்தக் கடையில எடுத்தது?" காஞ்சிபுரம் பஸ் ஸ்டாண்டில் ஒட்டும்போது புரோக்கர் ஒருவர் கையைப் பிடித்து இழுத்தார்: "போனது போவட்டும் சார், நம்ம சொசைட்டி விலைக்கே ஒண்ணு எடுத்துத் தரேன்!"

சில உறவினர்கள் 'ஒரு பச்சைக்கிளி வாங்கி விட்டுடு, அதுவும் பேசும்' என்று ஆறுதல் சொன்னார்கள். வேண்டவே வேண்டாம். நம் ஊர்ப் பச்சைக்கிளியை வீட்டில் வளர்ப்பது 1972-ம் வருஷத்து வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி குற்றம். 2023-ல் சென்னையில் ஒரு சினிமா நகைச்சுவை நடிகர் வீட்டில் இருந்த இரண்டு கிளிகளுக்காக வனத்துறை அவருக்குப் போட்ட அபராதம் இரண்டரை லட்ச ரூபாய். காமாட்சி அம்மன் பக்கத்தில் கிளி இருக்கிறதே என்று ரேஞ்சரிடம் வாதாட முடியாது.

அன்றைக்கு ராத்திரி தூக்கம் வரவில்லை. மற்றவர்கள் எப்படிக் கண்டுபிடித்தார்கள் என்று தேடித் தேடிப் படித்தேன். 2022 ஜூலையில் கர்நாடகா தும்கூரில் ஒரு குடும்பத்தின் ஆப்பிரிக்கச் சாம்பல் கிளி பறந்துவிட்டது. ஊரெங்கும் போஸ்டர், 50,000 ரூபாய் பரிசு. ஊரே வானத்தைப் பார்த்தது. கிளியோ கொஞ்ச தூரத்தில் ஒருவர் வீட்டில் கூண்டுக்குள் பத்திரமாக இருந்தது. களைத்து வந்ததைப் பிடித்துத் தீனி போட்டு வைத்திருந்தார் அவர். யாருடையது என்று அவருக்குத் தெரியாது. போஸ்டரைப் பார்த்துவிட்டுக் கொண்டு வந்து கொடுத்தார். குடும்பத்தார் சந்தோஷத்தில் 85,000 கொடுத்தார்கள்.

ஜப்பான்காரர்கள் இன்னும் கெட்டிக்காரர்கள். 2008-ல் டோக்கியோவுக்குப் பக்கத்தில் நாகரேயாமா என்ற ஊரில் ஒரு கூரை மேலிருந்து போலீஸ் பிடித்த கிளி, ஸ்டேஷனில் வாயே திறக்கவில்லை. கால்நடை டாக்டரிடம் கொண்டுபோய் விட்டதும், தன் பெயர் யோசுகே என்று சொல்லி, வீட்டு விலாசத்தையும் கதவு எண்ணோடு ஒப்பித்தது! 2012-ல் சாகமிஹாரா நகரத்தில் ஒரு பட்ஜெரிகர் பறந்துபோய் ஹோட்டலில் தங்கியிருந்த ஒருவர் தோளில் உட்கார்ந்தது. அதுவும் போலீஸில் விலாசம் சொல்லி வீடு போய்ச் சேர்ந்தது. அதை வளர்த்த அம்மாள் ஏற்கெனவே ஒரு பறவையைத் தொலைத்தவர்; அந்த அனுபவத்தில்தான் இதற்கு விலாசம் சொல்லிக் கொடுத்திருந்தார்.

இந்த மூன்றிலும் ஒரு ஒற்றுமை எனக்குப் பட்டது. மூன்றும் ஏதோ ஒரு வீட்டில், ஒரு கூரையில், ஒரு மனிதரிடம் போய்த்தான் சேர்ந்தன. நான் இரண்டு நாளாக மரம் மரமாகப் பார்த்துக் கொண்டிருக்கிறேன். பார்க்க வேண்டியது மரத்தை அல்ல, வாசல்களை.

எங்கள் பட்டுவுக்கு விலாசம் சொல்லத் தெரியாது. அதற்குத் தெரிந்த ஒரே விலாசம்...

எழுந்து போய் பீரோவைத் திறந்தேன். அப்பாவின் காக்கிச் சட்டைக்கு அடியில், கறுப்புக் கயிறு கட்டிய எவர்சில்வர் விசில்.

*

சனிக்கிழமை காலை பஸ் ஸ்டாப்பிலிருந்து ஆரம்பித்தேன். அங்கே ஒரு பெரிய வேப்பமரம். அடியில் டவுன் பஸ் நின்று கொண்டிருந்தது. மரத்தைப் பார்த்து, அப்பா ஊதுகிற மாதிரியே, இரண்டு விசில் கொடுத்தேன்.

பஸ் கிளம்பிவிட்டது!

டீக்கடையில் பாதி வடையோடு இருந்த கண்டக்டர், "ஏய்! ஏய்! ஓல்டான்!" என்று அலறிக் கொண்டு ஓடுகிறார். பின்னாலேயே நான் ஓடுகிறேன். பதற்றத்தில் ஒற்றை விசில் ஊத வேண்டும் என்பது தோன்றவே இல்லை. ஐம்பது மீட்டர் தள்ளி பஸ் நின்றது. கண்டக்டர் என் சட்டையைப் பிடித்துவிட்டார். விஷயத்தைச் சொன்னேன். விசிலை வாங்கிப் பார்த்தார். "எந்த டிப்போ உங்கப்பா?" என்றார். சொன்னேன். பெயரைக் கேட்டதும் சட்டையை விட்டுவிட்டார். தெரியும் என்றும் சொல்லவில்லை, தெரியாது என்றும் சொல்லவில்லை. "போஸ்டர் ரெண்டு குடு, வண்டிக்குள்ள ஒட்டறேன்" என்றார்.

சாயங்காலம் வரை ஊதியும் பலன் இல்லை. எதிர்வீட்டுத் தாத்தா பழைய நெசவாளி. அறுபது வருஷம் தறிக்குழியில் கால் வைத்தவர். திண்ணையில் உட்கார்ந்து என்னைப் பார்த்துக் கொண்டே இருந்தவர் கூப்பிட்டார்.

"ஏம்ப்பா, காலையிலேர்ந்து ஊதறியே, ஊதிட்டு நிக்கிறியா?"

"நின்னா நேரமாகுதே தாத்தா."

"நீ ஊதிக்கினே போனா அது எப்பிடிப்பா பதில் சொல்லும்? ஊது. வாயை மூடு. காதைக் குடு. இழை அறுந்தா தறியை நிறுத்திட்டுத்தான் தேடணும். ஓட்டிக்கினே தேடுனா கெடைக்காது."

*

ஞாயிற்றுக்கிழமை காலை ஆறு மணி. மூன்றாவது நாள். சைக்கிளில் போனேன், பைக் என்றால் காது கேட்காது. ஒவ்வொரு தெரு முனையிலும் இரண்டு விசில். அப்புறம் வாட்சைப் பார்த்து முழுசாக இரண்டு நிமிஷம் சும்மா நிற்பது. சும்மா நிற்பதுதான் எவ்வளவு கஷ்டம்! நாய் குரைக்கிறது, கோயில் ஸ்பீக்கர் பாடுகிறது, பால்காரர் 'என்னா தம்பி, செக்கிங்கா?' என்கிறார்.

பதினொன்றாவது தெருவோ பன்னிரண்டாவதோ. ஓட்டு வீடு. உள்ளே குழித்தறி ஓடிக் கொண்டிருந்தது. மிதியும் பலகையும் மாறி மாறி அடிக்கிற சத்தம். ஊதினேன். நின்றேன். நாடா சிக்கியதோ என்னவோ, தறி ஒரு நொடி நின்றது.

உள்ளேயிருந்து இரண்டு விசில்.

எனக்குக் கால் ஓடவில்லை. மறுபடி ஊதினேன். மறுபடி இரண்டு விசில். என் விசிலைவிட அது அப்பா விசில் மாதிரியே இருந்தது.

வெள்ளிக்கிழமை பத்து மணிக்குக் காக்கைக்குத் தப்பி, திறந்திருந்த ஜன்னல் வழியாகத் தறி மேலேயே வந்து விழுந்ததாம். பாவில் கால் மாட்டிக் கொண்டிருந்தது. அந்த வீட்டுக்காரர், கல்யாணத்துக்கு ஆர்டர் எடுத்த புடவையில், கால் சுற்றின இழைகளை ஒவ்வொன்றாக அறுத்துப் பறவையை எடுத்திருக்கிறார். அறுந்த இழைகளைத் திரும்ப முடிச்சுப் போட அரை நாள் வேலை போயிற்று. "போஸ்டர் பார்க்கலீங்களா?" என்றேன். "பாத்தேன் சார். புடவை போயிடுச்சாம்னு நெனச்சேன்" என்றார்.

கோழிக் கூடைக்கு அடியில் பட்டு உட்கார்ந்திருந்தது. கொண்டையில் ஒரு இறகு குறைச்சல். கூடையை அணைத்தபடி ஏழு வயசுப் பெண் குழந்தை ஒன்று. பள்ளிக்கூடத்துக்குக்கூடப் போகாமல் கம்பும் கேழ்வரகும் போட்டு அதைக் காப்பாற்றியது அவள்தான். பேரும் வைத்துவிட்டாள்: 'ரைட்டு'.

"உன்னுதா அண்ணா?" என்றாள்.

'ஆமாம்' என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. அவள் அப்பா சன்மானத்தைத் தொடவில்லை. அறுந்த இழைக்காவது வாங்கிக் கொள்ளுங்கள் என்றதற்கு, "இழைக்கு என்ன சார், முடிஞ்சாச்சு" என்று தறிக்குழியில் இறங்கிவிட்டார். குழந்தை மட்டும் கேட் வரை வந்து அழுதது. உரக்க இல்லை, அதுதான் சங்கடமாக இருந்தது.

இப்போது ஞாயிற்றுக்கிழமை தோறும் அவள் எங்கள் வீட்டில். பட்டு என்று கூப்பிடுவது கிடையாது. ரைட்டுதான். அம்மா ஆட்சேபிக்கவில்லை. கொல்லைப்புறக் கதவுக்கு வலை அடித்தாயிற்று. பறவை இனி வெளியே போவதென்றால் கூண்டோடுதான். மேனேஜர் போன வாரம் ரகசியமாகக் கூப்பிட்டு, மகளுக்குக் காக்டெய்ல் வாங்கலாமா என்று கேட்டார். ஜன்னலுக்கு வலை அடித்துவிட்டு வாங்குங்கள் சார் என்றேன்.

இன்னொன்று சொல்ல வேண்டும். அன்று ஞாயிற்றுக்கிழமை கூண்டோடு வந்து எங்கள் கேட்டைத் திறந்தபோது, பட்டு ஒற்றை விசில் கொடுத்தது என்று அம்மா சத்தியம் பண்ணுகிறாள். அடுப்பில் பால்கூட வைத்துவிட்டாள்.

எனக்குக் கேட்கவில்லை. பக்கத்து வீட்டில் குக்கர் அடித்துக் கொண்டிருந்தது.